கீழே ஒன்றுமில்லாத தீவுகள்

மைன்கிராஃப்ட் ஆட்டத்தில் தரை தீராது. கணினிப் பதிப்பில், நடு இடத்திலிருந்து எந்தத் திசையில் நடந்தாலும் மூன்று கோடி கட்டை தூரம் போனால்தான் எல்லை வரும். ஒரு கட்டை ஒரு மீட்டர் என்பது ஆட்டத்தின் கணக்கு. அப்படிப் பார்த்தால் பூமியின் மொத்தப் பரப்பைப்போல ஏழு மடங்கு. மரத்தை வெட்டினால் கன்று விழும், நட்டால் மறுபடி மரம். தோண்டத் தோண்டக் கரி, இரும்பு, வைரம். இத்தனை தாராளமான உலகத்துக்குள், ஒவ்வொன்றையும் எண்ணிச் செலவழிக்க வேண்டிய ஓர் இடத்தையும் செய்து வைத்திருக்கிறார்கள். அதன் பெயர் எண்ட். ஆட்டத்தின் கடைசிப் பரிமாணம் அதுதான்.

அங்கே சூரியன் இல்லை. பகலும் இல்லை, இரவும் இல்லை. தண்ணீர் கிடையாது, புல் கிடையாது. வெளிர்மஞ்சள் கல்லாலான ஒரு தீவு மட்டும் இருண்ட வெளியில் மிதந்துகொண்டிருக்கும். விளிம்பில் கால் தவறினால் கீழே ஒன்றுமே இல்லை, வெறும் பாழ். விழுந்தவன் சாவான், மறுபடி பிறந்து வரலாம், ஆனால் மடியில் கட்டிக்கொண்டு போன சாமான் அத்தனையும் போனது போனதுதான்.

எங்கள் விளாத்திகுளம் கரிசல் பூமி. மிளகாயும் பருத்தியும் மல்லியும் விளைகிற மானாவாரிக் காடு. மழை ஏமாற்றினால் சீமைக்கருவேலை வெட்டி மூட்டம் போட்டுக் கரி எடுத்துப் பிழைக்கிற கிராமங்கள் சுற்றிலும் உண்டு. ஊரை ஒட்டிப் போகிற வைப்பாறு வருஷத்தில் பெரும்பகுதி மணலாகவே கிடக்கும். இந்த ஊரில் சாயங்காலம் ஆனால் ஏதாவதொரு வீட்டுத் திண்ணையில் நாலைந்து பிள்ளைகள் தலையோடு தலை முட்டிக்கொண்டு செல்போனுக்குள் குனிந்திருப்பார்கள். ஒருவன் ஹாட்ஸ்பாட் போடுவான், மற்றவர்கள் அவனுடைய உலகத்துக்குள் நுழைவார்கள். 'எந்நேரமும் போனை நோண்டிக்கிட்டு' என்று வசவு விழும். நானும் அந்தத் திண்ணையில் அவர்களோடு உட்கார்ந்து பார்க்க ஆரம்பித்தேன். பார்த்தபிறகு இதை எழுதாமலிருக்க முடியவில்லை.

எழுதுவதற்கு நம் ஊர்க்காரருக்குத் தனியான காரணமும் இருக்கிறது. எண்டுக்குப் போக முத்து வேண்டும். போய்ச் சேர்ந்தால் அங்கே இருப்பது தீவுகள். விளாத்திகுளம் வட்டத்துக்குள்ளேயே கடற்கரை இருக்கிறது. வேம்பாருக்குப் பஸ் ஏறினால் ஒரு மணி நேரத்துக்குள் கடலைப் பார்க்கலாம். அந்தக் கடலின் பழைய கதை முத்து. இன்றைய கதை தீவு.

முத்தும் கண்ணும்

முதலில் முத்து. ஆட்டத்தில் எண்டர்மேன் என்று ஓர் உருவம் நடமாடும். கன்னங்கறுப்பு, மூன்று கட்டை உயரம், முழங்காலுக்குக் கீழே தொங்கும் கைகள். அதன் பாட்டுக்குத் திரியும், நம்மை ஒன்றும் செய்யாது. ஆனால் கண்ணோடு கண் பார்த்துவிட்டால் அடுத்த நொடி பக்கத்தில் நிற்கும், அடிக்கும். தண்ணீர் பட்டால் அதற்கு ஆகாது. செதுக்கிய பூசணிக்காயைத் தலையில் மாட்டிக்கொண்டு போனால் எவ்வளவு நேரம் பார்த்தாலும் அது பாயாது. புது வீட்டு வாசலில் கண்ணேறு கழியப் பூசணிக்காய் கட்டுகிற ஊர்ப் பிள்ளைகளுக்கு இந்த விதியை யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

எண்டர்மேனைக் கொன்றால் சில சமயம் ஒரு முத்து விழும், சில சமயம் ஒன்றும் விழாது. பச்சை நிற முத்து. அதை எறிந்தால், விழுந்த இடத்துக்கு எறிந்தவனே போய்ச் சேர்வான், கொஞ்சம் அடிபட்டு. நெதர் என்கிற நெருப்புப் பரிமாணத்துக்குள் போய், அங்கே கோட்டைகளில் உலவும் தீப்பூதங்களைக் கொன்று எடுத்துவந்த கோலின் பொடியோடு இந்த முத்தைச் சேர்த்தால் ஒரு கண் உருவாகும். பூமிக்கடியில் எங்கோ புதைந்திருக்கும் கோட்டைக்கு வழிகாட்டுவது அந்தக் கண்தான். வானத்தில் விட்டெறிந்தால் கோட்டை இருக்கும் திசையில் கொஞ்ச தூரம் பறந்து நிற்கும். திரும்ப எடுத்துக்கொள்ளலாம், ஆனால் ஐந்துக்கு ஒன்று வீதம் உடைந்துபோகும்.

கோட்டைக்குள் எண்டின் வாசல் இருக்கிறது. அதைச் சுற்றிப் பன்னிரண்டு சட்டங்கள், ஒவ்வொன்றிலும் ஒரு கண் பதிக்க வேண்டும். ஒரு சட்டத்தில் ஏற்கெனவே கண் இருப்பதற்குப் பத்தில் ஒரு வாய்ப்பு. பன்னிரண்டிலும் தானாகவே இருப்பதற்கு லட்சம் கோடியில் ஒரு வாய்ப்பு. ஆகவே, தேடுவதற்கு எறிவது, உடைவது, பதிப்பது எல்லாம் சேர்த்து ஒரு டஜனுக்குமேல் முத்துச் சேர்த்துக்கொண்டுதான் கிளம்ப வேண்டும். மற்ற சாமான்களை அறுபத்துநாலாக அடுக்கலாம், முத்தைப் பதினாறாகத்தான் அடுக்க முடியும்.

கண்ணை எறிந்து கோட்டையைத் தேடும் வேலையில்தான் என் அக்கா மகன் என்னை அசத்தினான். பதினொன்றாம் வகுப்பு படிக்கிறான். ஒரு கண்ணை எறிந்தான். அது போன திசையை ரஃப் நோட்டில் கோடாகப் போட்டான். அதே திசையில் ஓடாமல், பக்கவாட்டில் நெடுந்தூரம் நடந்தான். ஏன் என்று கேட்டேன்.

“ஒரே எடத்துல நின்னு எத்தன தடவ எறிஞ்சாலும் தெசதான் தெரியும் மாமா. தூரம் தெரியாது. தள்ளிப் போயி இன்னொண்ணு எறியணும். ரெண்டு கோடும் எங்க வெட்டுதோ அங்க தோண்டணும்.”

வேம்பார்க் கடலில் மீன் பிடிக்கிறவர்கள் கருவி எதுவும் இல்லாத காலத்தில் கடலுக்குள் இடம் கண்டுபிடித்தது இப்படித்தான். கரையில் கோயில் கோபுரத்தையும் ஒரு பனையையும் ஒரே நேராகப் பிடிப்பார்கள். இன்னொரு பக்கம் வேறிரண்டு அடையாளங்களை நேராகப் பிடிப்பார்கள். இரண்டு கோடும் சந்திக்கிற இடம்தான் பார், மீன் கிடக்கும் இடம். பாடப்புத்தகத்தில் முக்கோணவியல் என்று வரும் சங்கதி, அவன் கையில் ஒரு தேவையாக வந்து நின்றபோது தானாக விளங்கிவிட்டது.

முத்து என்றதும் அவனுக்கு நம் கடலின் கதையைச் சொன்னேன். கொற்கைத் துறையில் முத்தெடுத்ததை ஏறக்குறைய இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே கிரேக்க மொழியில் ஒருவர் பெரிப்ளுஸ் என்ற நூலில் எழுதிவைத்திருக்கிறார். தண்டனை பெற்ற கைதிகளை அந்த வேலையில் இறக்கினார்கள் என்கிறார். பதின்மூன்றாம் நூற்றாண்டில் வந்த மார்க்கோ போலோ, சுறாக்களை மந்திரத்தால் கட்டுகிறவர்கள் இருந்ததையும், எடுத்த முத்தில் இருபதில் ஒரு பங்கு அவர்களுக்குப் போனதையும் சொல்கிறார். கல்லைக் காலில் மாட்டிக்கொண்டு, கயிற்றைப் பிடித்துக்கொண்டு, மூச்சடக்கி எட்டுப் பத்துப் பாகம் ஆழத்துக்கு இறங்கி, ஒரு நிமிஷத்துக்குள் கைக்கு அகப்பட்ட சிப்பிகளை வலைப்பையில் வாரிக்கொண்டு மேலே வருவார்கள். வந்த சிப்பிகளைத் திறக்காமலே ஆயிரம் ஆயிரமாக ஏலம் விடுவது வழக்கம். எடுத்தவனுக்கு உள்ளே முத்து இருக்கிறதா என்பது தெரியாது. பெரும்பாலான சிப்பிகளில் ஒன்றும் இருக்காது.

“எண்டர்மேன் மாதிரியே,” என்றான்.

தூத்துக்குடிக் கடலில் கடைசியாகத் தொடர்ந்து முத்துக்குளிப்பு நடந்தது 1955 முதல் 1961 வரை. அதற்குப் பிறகு, அரசு முன்னின்று சாலாபம் என்கிற முத்துக்குளிப்பை நடத்தும் அளவுக்குப் பார்களில் சிப்பி சேரவில்லை. 1973-இல் தூத்துக்குடியில் மத்தியக் கடல்மீன் ஆராய்ச்சி நிலையத்தின் விஞ்ஞானிகள், சிப்பிக்குள் கருவை வைத்து முத்து வளர்த்துக் காட்டினார்கள். இந்தியாவின் முதல் உருண்டையான வளர்ப்பு முத்து அது. ஆனால் படகுகள் கூட்டமாகப் புறப்பட்ட அந்தக் காலம் திரும்பி வரவில்லை. ஆட்டத்தில் எண்டர்மேன் ராத்திரிதோறும் புதிதாக முளைக்கும். கடலில் அப்படி இல்லை என்பதை அவன் கொஞ்ச நேரம் யோசித்துக்கொண்டிருந்தான்.

டிராகன்

வாசலுக்குள் குதித்தால், எரிமலைக் கண்ணாடிக் கல்லாலான ஐந்துக்கு ஐந்து மேடையில் போய் நிற்போம். பல சமயம் அது தீவோடு ஒட்டியிருக்காது. கையில் கட்டை இல்லாதவனுக்கு முதல் அடியே எடுத்துவைக்க முடியாது. டிராகனைக் கொல்லும்வரை அல்லது செத்துப்போகும்வரை திரும்பி வரவும் வழி கிடையாது.

டிராகன் சண்டையைப் பற்றி யூடியூபில் வேண்டிய மட்டும் இருக்கிறது, அதனால் சுருக்கமாகச் சொல்கிறேன். பத்துக் கருந்தூண்கள், ஒவ்வொன்றின் உச்சியிலும் ஒரு பளிங்கு. டிராகனுக்குக் காயம்பட்டால் இந்தப் பளிங்குகள் ஆற்றிவிடும், ஆகவே முதலில் அவற்றை அம்பால் உடைக்க வேண்டும். இரண்டு பளிங்குகள் இரும்புக் கூண்டுக்குள் இருப்பதால் தூணில் ஏறித்தான் உடைக்க முடியும். எண்டில் படுக்கையை விரித்துப் படுக்கப்போனால் வெடிக்கும். அந்த வெடியையே ஆயுதமாக்கி, புது உலகத்தில் கால் வைத்ததிலிருந்து பத்து நிமிஷத்துக்குள் டிராகனை முடித்துவிடுகிற வேக ஆட்டக்காரர்கள் உலகத்தில் இருக்கிறார்கள். முதல் தடவை டிராகன் செத்தால் அனுபவப் புள்ளி 12,000 கிடைக்கும். தீவின் நடுவே இருக்கும் தூணின் உச்சியில் ஒரு முட்டை தோன்றும். கையால் தொட்டால் அது வேறெங்கோ தாவிவிடும். தந்திரம் செய்துதான் எடுக்க வேண்டும்.

என் மனதில் பட்டதைச் சொல்கிறேன்: எண்டில் டிராகன்தான் சாதாரணமான சமாச்சாரம். பெரிய பூதத்தைக் கொல்வது எல்லா ஆட்டத்திலும் உண்டு. ஸ்வீடன்காரர் மார்கஸ் பெர்சன் 2009-இல் இந்த ஆட்டத்தைச் செய்ய ஆரம்பித்தபோது அதற்கு முடிவே இருக்கவில்லை. 2011 நவம்பரில் முழுப் பதிப்பு வெளியானபோது எண்டும் டிராகனும் வந்தன. டிராகனைக் கொன்று திரும்பும் வாசலுக்குள் நுழைந்ததும் திரையில் ஒரு நீண்ட கவிதை மெல்ல மேலேறிப் போகும். அயர்லாந்து எழுத்தாளர் ஜூலியன் கஃப் எழுதியது. 2022 டிசம்பரில் அதை யாரும் எடுத்தாளலாம் என்று அவர் பொதுவுடைமையாக்கிவிட்டார். பிள்ளைகள் அதைத் தள்ளிவிட்டு ஆட்டத்துக்குத் திரும்பிவிடுகிறார்கள். ஒரு தடவையாவது முழுக்கப் படியுங்கள் என்று கேட்டுக்கொண்டேன். கோடிக்கணக்கானவர்கள் விளையாடுகிற ஓர் ஆட்டத்தின் உச்சியில் கவிதையைக் கொண்டுபோய் வைக்க ஒருவருக்குத் தோன்றியது பெரிய விஷயம்.

பாலம்

2016 பிப்ரவரி 29 அன்று வந்த 1.9 பதிப்பில் எண்ட் விரிந்தது. உண்மையான எண்ட் அங்கிருந்துதான் ஆரம்பிக்கிறது என்பேன்.

டிராகன் இறந்ததும் தீவின் ஓரத்தில், அந்தரத்தில், ஒரு சின்ன வாசல் தோன்றும். ஆள் நுழைய முடியாத ஒற்றைக் கட்டை அளவு துவாரம். அதற்குள் முத்தை எறிய வேண்டும், மறுபடியும் முத்து. ஏறக்குறைய ஆயிரம் கட்டை தூரம் வெறும் பாழைத் தாண்டி, வெளித்தீவுகளில் போய் விழுவோம். பெரிதும் சிறிதுமாகத் தீவுகள், முடிவில்லாமல். சூரியன் இல்லாததால் திசை தெரியாது. திசைகாட்டியைக் கையில் எடுத்தால் முள் பைத்தியமாகச் சுற்றும். கடிகாரமும் அப்படியே. வந்த வாசல் எங்கே என்பதைக் குறித்துவைக்காதவன் வீட்டுக்குத் திரும்புவது பெரும்பாடு.

இங்கே ஒரு தீவிலிருந்து இன்னொரு தீவுக்குப் பாலம் போட வேண்டும். அக்கா மகன் பாலம் போட்டதை அப்படியே சொல்கிறேன். தீவின் விளிம்புக்கு வந்தான். குனியும் பொத்தானை அழுத்தினான். குனிந்திருக்கும்வரை ஆட்டம் நம்மை விளிம்பிலிருந்து விழவிடாது. முகத்தை வந்த வழிக்குத் திருப்பி, முதுகைப் பாழுக்குக் காட்டிக்கொண்டு, பின்பக்கமாக நகர்ந்தான். பாதி உடம்பு அந்தரத்தில் நின்றது. தான் நிற்கிற கட்டையின் பக்கவாட்டை உற்றுப் பார்த்து, அதில் அடுத்த கட்டையை ஒட்டினான். டக். ஒரு கட்டை பின்னால். டக். கட்டை எண்ணிக்கை அறுபத்துநாலிலிருந்து இறங்கிக்கொண்டே வந்தது. பக்கத்தில் இருந்த பொடிசுகள்கூடப் பேச்சை நிறுத்திவிட்டன. குனியும் பொத்தானிலிருந்து கட்டைவிரல் வழுக்கினால் அன்றைய வேலை அத்தனையும் பாழுக்குள்.

நடுவழியில் கட்டை தீர்ந்தது. எதிர்த்தீவு இன்னும் எட்டவில்லை. பாலத்திலேயே திரும்பி நடந்து, தீவின் விளிம்பில் கல்லை வெட்ட ஆரம்பித்தான். அப்போது எதிர்வீட்டுச் சின்னப்பெண் ஒருத்தி, ஆறாவதோ ஏழாவதோ படிப்பாள், குறுக்கே கையை நீட்டினாள்.

“ஓரத்துல வெட்டாதண்ணே. நடுவுல போயி வெட்டு. ஓரத்தத் தின்னுட்டா திரும்பி வர்றப்ப பாலம் எட்டாது.”

அவள் சொன்னது சரி. எண்டில் வெட்டிய கல் மறுபடி முளைக்காது. மேலுலகத்தில் மரம் இருக்கிறது, கன்று இருக்கிறது, ஆடு குட்டி போடுகிறது. இங்கே எடுத்த கட்டை எடுத்ததுதான். தீவில் அத்தனை அளவு குறைந்துவிட்டது. பாலம் நீளும்போது தீவு சுருங்கும். தீராத உலகத்தில் மாதக்கணக்காக விளையாடிய பிள்ளைக்கு, ஒரு கட்டையின் விலை என்ன என்பது இந்த இடத்தில்தான் உறைக்கிறது. எண்டை நான் மதிப்பது இதற்காகத்தான்.

பாலத்தின் அந்தப் பக்கம் ஊதாக் கல் கோபுரங்களாலான நகரங்கள். ஆள் கிடையாது. ஓட்டுக்குள் ஒளிந்திருக்கும் ஷல்கர்தான் காவல். அது எறியும் குண்டு பட்டால் உடம்பு தானாக மேலே எழும்பும். சில நொடி கழித்துப் பிடி விட்டதும் கீழே விழ வேண்டும். அதன் ஓட்டில் செய்யும் பெட்டியை, உள்ளே நிறைத்த சாமானோடு தூக்கிப் போகலாம். சில நகரங்களின் பக்கத்தில் ஒரு கப்பல் அந்தரத்தில் நிற்கும், முகப்பில் டிராகன் தலையோடு. எல்லா நகரத்துக்கும் கப்பல் இருப்பதில்லை. அந்தக் கப்பலுக்குள் மாட்டியிருக்கும் எலிட்ரா என்ற இறக்கைதான் இந்தப் பயணத்தின் பலன். மலையிலிருந்து குதித்து விரித்தால் மிதந்து போகலாம், வாணத்தைக் கொளுத்தினால் மேலே எழும்பலாம். பழுது பார்க்காமல் விட்டால் ஏழு நிமிஷச் சொச்சம்தான் தாங்கும். அதைக் கண்டெடுத்த அன்று அந்தத் திண்ணையில் எழுந்த கூச்சலுக்குத் தெருவே எட்டிப் பார்த்தது.

வேம்பாருக்கு எதிரே

அந்தச் சின்னப்பெண் சொன்ன ‘ஓரத்தத் தின்னுட்டா’ என்ற பேச்சு என்னை விடவில்லை. ஏனென்றால் நமக்கு எதிரே கடலில் அப்படித் தின்ற தீவுகள் இருக்கின்றன.

மன்னார் வளைகுடாவில் தூத்துக்குடிக்கும் பாம்பனுக்கும் நடுவே 21 தீவுகள். 1986-இல் கடல் தேசியப் பூங்காவாக அறிவித்தார்கள், 1989-இல் உயிர்க்கோளக் காப்பகமாக்கினார்கள். நான்கு கூட்டமாகப் பிரித்துப் பெயர் சொல்வார்கள். அதில் ஒரு கூட்டத்துக்கு வேம்பார் என்றே பெயர்: உப்புத்தண்ணி, புலுவினிசல்லி, நல்லதண்ணி. தெற்கே தூத்துக்குடிக் கூட்டத்தில் வான் தீவு, காசுவார், விலாங்குசல்லி, காரியாச்சல்லி. பவளப்பாறை உடைந்த துண்டும் மணலும் சேர்ந்து உருவான தாழ்வான தீவுகள் இவை. சுற்றிலும் உயிரோடு இருக்கும் பவளப்பாறைதான் அலையை வாங்கிக்கொண்டு தீவைக் காக்கும் அரண்.

அந்த அரணைத்தான் வெட்டினோம். சுண்ணாம்புக்காகவும், ஆலைகளின் மூலப்பொருளாகவும், வீடு கட்டவும் பவளப்பாறையைப் பல்லாண்டுகள் பெயர்த்து வள்ளங்களில் டன் டன்னாகக் கரைக்குக் கொண்டுவந்தார்கள். கடற்கரை ஊர்களில் பழைய சுவர்களைச் சுரண்டிப் பார்த்தால் இன்றும் பவளக்கல் தெரியும். வெட்டியவர்கள் கூலிக்குப் போன ஏழைகள். அவர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. 2001-இல் பவளங்கள் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணைக்குள் வந்தன. 2004 டிசம்பர் சுனாமிக்குப் பிறகுதான் வெட்டுவது ஏறக்குறைய நின்றது. அதற்குள் விலாங்குசல்லியும், கீழக்கரைப் பக்கத்துப் பூவரசன்பட்டியும் தண்ணீருக்குள் போய்விட்டன. 21 என்று இன்றும் எழுதுகிறோம். அதில் இரண்டு கடலுக்கடியில் இருக்கின்றன. வான் தீவும் காரியாச்சல்லியும் பெரும்பகுதியை இழந்துவிட்டன.

எடுத்தது கட்டை கட்டையாக; இப்போது திரும்ப வைப்பதும் அப்படித்தான். தூத்துக்குடியிலுள்ள சுகந்தி தேவதாசன் கடல் ஆராய்ச்சி நிறுவனமும் சென்னை ஐ.ஐ.டி.யும் சேர்ந்து, ஓட்டைகள் விட்டு வார்த்த, டன் கணக்கில் எடையுள்ள சிமெண்ட் கட்டமைப்புகளை வான் தீவின் கடல் பக்கத்தில் வரிசையாக இறக்கின. அலையின் வேகம் அவற்றில் மோதிக் குறைகிறது. ஓட்டைகளில் மீன் குடியேறுகிறது, மேலே பவளம் ஒட்டி வளர்கிறது. வான் தீவின் அரிப்பு மட்டுப்பட்டிருக்கிறது. காரியாச்சல்லிக்கும் இதே முறையில் மீட்பு வேலையைத் தமிழக அரசு அறிவித்திருக்கிறது. பாலத்தின் நடுவில் கட்டை தீர்ந்து நின்ற பையனுக்கு இந்த வேலையின் அருமையை ஒரே வாக்கியத்தில் சொல்லிவிட முடிந்தது. எந்த விழிப்புணர்வுப் பேரணியிலும் அந்தக் கவனத்தை நான் பார்த்ததில்லை.

ஆகவே ஒரு யோசனையை இந்தப் பக்கங்கள் வழியாகவே வைக்கிறேன். 21 தீவுகளையும் இந்தப் பிள்ளைகளைக் கொண்டே ஆட்டத்துக்குள் கட்டச் சொல்வோம். ஒரு கட்டைக்கு ஒரு மீட்டர். புதிய விஷயம் ஒன்றும் இல்லை. 2014-இல் டென்மார்க் நாட்டின் நில அளவைத் துறையே தங்கள் நாடு முழுவதையும் அதே அளவில் மைன்கிராஃப்டுக்குள் வரைந்து எல்லோருக்கும் திறந்துவிட்டது. ஆட்டத்தைச் செய்த நிறுவனமும் ஐ.நா. குடியிருப்புத் திட்ட அமைப்பும் 2012-லிருந்து பல நாடுகளில் பிள்ளைகளையும் பெரியவர்களையும் கூட்டிவைத்து, தங்கள் ஊர்ப் பொது இடங்களை இதே ஆட்டத்தில் வடிவமைக்கச் சொல்லி வருகின்றன. நமக்கு நாடு வேண்டாம், தீவு போதும். ஒரு ஹெக்டேர் என்றால் மேல்தளத்துக்குப் பத்தாயிரம் கட்டை. நாலு பேர் சேர்ந்தால் மலைப்பான வேலை இல்லை.

மைன்கிராஃப்ட் விலை கொடுத்து வாங்க வேண்டிய ஆட்டம். எல்லார் வீட்டிலும் முடியாது. பின்லாந்துக்காரர் பெர்ட்டு அஹோலா 2010-இல் தொடங்கிய மைன்டெஸ்ட் இலவசம். 2024-இல் லுவான்டி என்று பெயர் மாறியிருக்கிறது, சாதாரணக் கணினியிலும் ஓடும். அரசுப் பள்ளிகளில் உயர் தொழில்நுட்ப ஆய்வகங்கள் இருக்கின்றன. தூத்துக்குடி ஆராய்ச்சியாளர்களிடம் தீவுகளின் பழைய, புதிய அளவுகள் இருக்கின்றன. வேம்பாரிலும் வைப்பாறிலும் சிப்பிகுளத்திலும் எந்தப் பார் எங்கே கிடக்கிறது, எத்தனை பாகம் ஆழம் என்று சொல்லக்கூடிய பெரியவர்கள் இன்னும் இருக்கிறார்கள். இந்த மூன்றையும் ஒரே மேசைக்குக் கொண்டுவர ஓர் ஆசிரியர் முன்வந்தால் போதும். மைன்கிராஃப்டில் 2018-லிருந்து பவளம்கூட வந்துவிட்டது, ஐந்து நிறங்களில். தண்ணீர் படாமல் வைத்தால் சாம்பல் நிறமாகிச் செத்துப்போகும்.

பிள்ளைகளிடம் இதைச் சொன்னதும் சண்டை ஆரம்பித்துவிட்டது. விலாங்குசல்லியைத் தண்ணீருக்கு மேலே கட்டுவதா, இப்போது இருக்கிறபடி கீழே கட்டுவதா? இல்லாத தீவைக் கட்டினால் அது பொய் என்கிறான் அக்கா மகன். கட்டாமல் விட்டால் எல்லாரும் மறந்துபோவார்கள் என்கிறாள் எதிர்வீட்டுப் பெண். கடைசியில் இரண்டு உலகம் தொடங்குவது என்று முடிவாகியிருக்கிறது: ஒன்று வெட்டுவதற்கு முன்பு இருந்த கடல், இன்னொன்று இன்றைக்கு இருக்கும் கடல். முதல் உலகத்தை அவள் வைத்துக்கொள்கிறாள். தீவின் பழைய உயரம் எவ்வளவு என்று கேட்டுவரச் சொல்லி, இரண்டாவது உலகத்துக்காரனை இந்த ஞாயிற்றுக்கிழமை வேம்பாருக்கு அனுப்புகிறாள்.